கிரிப்டோன்னா ஒளிஞ்சிருக்குன்னு அர்த்தம்

படிக்கணும்னு படிக்கலை தம்பி. நீங்க பையத் தூக்கி மேல வைக்கிறப்ப அந்த ஃபைலு தொறந்துக்கிருச்சு. முதப் பக்கத்துலயே பெரிய எழுத்துல அடிச்சிருக்கான், கண்ணுல பட்டுருச்சு. மூடாதீங்க. வெக்கப்பட ஒன்னுமில்லை. இந்த பஸ்சுல அந்த வார்த்தைக்கு அர்த்தம் சொல்லத் தெரிஞ்ச ஆளு நான் ஒருத்தனாத்தான் இருப்பேன். கண்டக்டருக்குத் தெரியாது. முன்னால உக்காந்து சத்தமா ஃபோன் பேசுறாரே வெள்ளைச் சட்டை, அவருக்கும் தெரியாது.

கிரிப்டோஸூஸ்பெர்மியா.

பாத்தீங்களா, நாக்கு பிரளாம வருது. பதிமூணு வருசமாச் சொல்லிக்கிட்டிருக்கேன்ல.

டாக்டரம்மா என்ன சொன்னாங்க? எண்ணிக்கை ரொம்பக் கம்மி, மூணு மாசம் மாத்திரை சாப்பிட்டு வாங்க. அவ்வளவுதான? வார்த்தைக்கு அர்த்தம் சொல்லலையே? சொல்ல மாட்டாங்க. வெளிய முப்பது பேரு டோக்கனோட உக்காந்திருக்கான், அவுங்க எங்கிட்டு நின்னு அர்த்தம் சொல்றது. நான் சொல்றேன், கேட்டுக்கங்க. நீங்க எங்க எறங்கணும்? கிருஷ்ணன்கோவிலா? அப்ப நேரம் கெடக்கு. நான் அதுக்கும் அங்கிட்டு, ஸ்ரீவில்லிபுத்தூரு.

ரிப்போர்ட்டுல ‘அஸூ’ன்னு ஆரம்பிச்சா, இல்லைன்னு அர்த்தம். சுத்தமா இல்லை. ‘ஒலிகோ’ன்னா கம்மி. உங்களுக்குப் போட்டிருக்கிறது ரெண்டும் இல்லை. ‘கிரிப்டோ’. அப்படின்னா ஒளிஞ்சிருக்கு. கண்ணாடியில ஒரு சொட்டு விந்தை வச்சுப் பாத்தா ஒன்னும் தெரியாது, வெறும் தண்ணி. அதையே மெஷின்ல போட்டு சுத்தவிட்டு, அடியில தங்குற வண்டலை எடுத்துப் பொறுமையாத் தேடினா, ஒரு ஓரத்துல உயிரணு ஒன்னு வாலை ஆட்டிக்கிட்டு நிக்கும். ஒன்னோ ரெண்டோ. சில நாளைக்கு இருக்கும், சில நாளைக்கு இருக்காது. ஆயிரத்துல ஒருத்தருக்குக்கூட இது வர்றதில்லைன்னு எனக்கு முதல்ல பாத்த டாக்டரு சொன்னாரு. இன்னைக்கு ஒரே பஸ்சுல, ஒரே சீட்டுல நாம ரெண்டு பேரு இருக்கோம். என்ன சொல்றது.

இன்னொரு வார்த்தையும் இருக்கு. ‘நெக்ரோ’. அதை அப்பறமாச் சொல்றேன்.

இவ்வளவு பேசுறானே, டாக்டரான்னு பாக்குறீங்க. இல்லை. மாட்டுக்குச் சினை ஊசி போடுறவன் நான். பேரு குருவையா. ஸ்ரீவில்லிபுத்தூருக்கு மேக்க மலையடிவாரம் வரைக்கும் பதினாலு ஊரு என் கையில. பால்கோவா வாங்கித் திங்கிறீங்கள்ல, அதுக்கு ஊத்துற பாலுல பாதி என் கைராசி. சிரிக்காதீங்க, நெசமாத்தான் சொல்றேன். இருபத்தாறு வருசம் தம்பி. எவன் வீட்டு மாடு கத்தினாலும் முதல்ல எனக்குத்தான் ஃபோன் வரும்.

தொழிலு லேசுன்னு நெனைக்காதீங்க. நைட்ரஜன் கேனுன்னு ஒன்னு வச்சிருப்பேன், பாத்திருப்பீங்க, மூடியத் தொறந்தா புகை கொட்டும். அதுக்குள்ள தொங்குற குவளையிலதான் உறைவிந்துக் குச்சி இருக்கும். பேனா ரீஃபிலைப் பாதியா வெட்டின மாதிரி இருக்கும். இடுக்கியால ஒன்னை எடுத்து வெதுவெதுன்னு இருக்கிற தண்ணியில முப்பது செகண்டு போடணும். குவளையக் கேனு கழுத்துக்கு மேல தூக்கவே கூடாது. எட்டு எண்ணுறதுக்குள்ள குச்சிய எடுத்துட்டு உள்ள எறக்கிரணும். ஏன்னா ஒவ்வொரு தடவை மேல வர்றப்பவும் அதுல மிச்சமிருக்கிற குச்சிக்கெல்லாம் கொஞ்சங் கொஞ்சமா உசுரு போகும். வெளிய இருந்து பாத்தா ஒன்னுந் தெரியாது. குச்சி அதே மாதிரிதான் இருக்கும். புதுசாப் பழக வர்ற பயலுகளுக்கு நான் முதல்ல சொல்லித்தர்றதே இதைத்தான். கேக்கலைன்னா வஞ்சுருவேன்.

எனக்குக் கல்யாணமாகி இருபத்திரெண்டு வருசமாச்சு. சம்சாரம் பேரு சுப்புத்தாய். அத்தை மக இல்லை, அந்நியந்தான், வத்திராயிருப்புப் பக்கம். நல்ல பொம்பளை. முதல் ஒன்பது வருசம் அவளைத்தான் ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக் கூட்டிட்டு அலைஞ்சோம். குழாயில மருந்து அடிச்சுப் பாத்தாங்க, வயித்துல ஓட்டை போட்டுப் பாத்தாங்க, வெள்ளிக்கெழமை வெள்ளிக்கெழமை விரதம், சஷ்டிக்கு விரதம். எங்க ஆத்தா சும்மா இருக்காது. யாராச்சும் வீட்டுக்கு வந்தா, அவ காபி கொண்டு வந்து வைக்கிறப்பப் பாத்து, “எங்க, மாட்டுத் தொழுவம் நெறைஞ்ச அளவுக்கு வீடு நெறையலையே”ன்னு சொல்லும். அவ டம்ளரை வச்சுட்டுப் போயிருவா.

என்னை ஏன் பாக்கலைன்னு கேப்பீங்க. கேட்டது நியாயந்தான். ஆனா நான் எதுக்குப் போகணும்? தெனமும் இந்தக் கையில நாலு மாட்டுக்குச் சினை புடிக்க வைக்கிறவன் நான். எனக்குக் கோளாறு இருக்கும்னு யாருக்குத் தோணும்? அவளுக்கே தோணலையே. பத்தாவது வருசம் ஒரு டாக்டரு, “அந்தம்மாகிட்டப் பாக்குறதுக்கு இனி ஒன்னுமில்லை, உங்களைப் பாக்கணும்”னு கறாராச் சொல்லிட்டாரு. பாத்தாங்க. அப்பத்தான் இந்த வார்த்தை வந்துச்சு.

டாக்டரு அர்த்தம் சொன்னதும் நான் என்ன கேட்டேன் தெரியுமா? “அப்ப இருக்குல்ல?”ன்னு கேட்டேன். “இருக்குன்னு சொல்ல முடியாது, இல்லைன்னும் சொல்ல முடியாது”ன்னாரு. “இல்லைன்னு சொல்ல முடியாதுல்ல, அது போதும் சார்”னுட்டு வந்துட்டேன்.

வீட்டுல எங்க ஆத்தாகிட்ட, ரெண்டு பேருக்கும் கொஞ்சங் கொஞ்சம் கோளாறாம்னு சொன்னேன். அவளுக்கு ஒன்னும் இல்லைதான். ஆனா என் ஒருத்தனுக்கு மட்டும்னு வெளிய தெரிஞ்சா தொழிலு என்னத்துக்காகும்? சினை ஊசி போடுறவனுக்கே இல்லையாம்னு பதினாலு ஊரும் சிரிக்கும். எவன் கூப்புடுவான்? அதான் பாதி பாதியாப் பிரிச்சுச் சொன்னேன். பூராத்தையும் அவ மேல போடலையே. மத்தவனா இருந்தா பூராத்தையும் போட்டிருப்பான். சுப்புத்தாய் பக்கத்துல நின்னுதான் கேட்டுக்கிட்டிருந்தா.

உங்களுக்கும் சொல்றேன், இந்த வார்த்தைய ஊருக்குள்ள சொல்லுங்க, அர்த்தத்தை மட்டும் சொல்லாதீங்க. கல்யாண வீட்டுல எவனாச்சும் “என்ன மாப்ள, எதும் விசேஷம் உண்டா?”ன்னு இழுத்தான்னா, “எனக்குக் கிரிப்டோஸூஸ்பெர்மியா இருக்குண்ணே”ன்னு மூஞ்சிக்கு நேராச் சொல்லிருவேன். அவ்வளவுதான், “அடடா, ஒடம்பப் பாத்துக்கப்பா”ன்னுட்டு எலையப் பாத்துக் குனிஞ்சுக்கிருவான். சர்க்கரை, பிரஷர் மாதிரி இது ஒன்னுன்னு நெனைச்சுக்கிருவான். இப்பத்தான் கொஞ்ச வருசமா ஒரு தொந்தரவு. எங்க சகலபாடி ஒருத்தன் ஓரமா இழுத்துட்டுப் போயி, “கிரிப்டோவுல நீங்களும் பணம் போட்டிருக்கீங்களா, ஏறுதா எறங்குதா?”ன்னு கேக்குறான். “எறங்கிருச்சுய்யா”ன்னேன்.

நல்லாச் சிரிச்சுக்கங்க. சிரிக்க வேண்டியதுதான்.

ஆறு வருசம் மாத்திரை தின்னேன் தம்பி. வண்டலைத் தேடித் தேடிப் பாத்தாங்க. ஒன்னும் ஆப்புடலை. ஏழு வருசத்துக்கு முன்ன ஒரு புதன்கெழமை, அப்ப நாங்க பாத்துக்கிட்டிருந்தது ஒரு சின்ன ஆஸ்பத்திரி, அந்த டாக்டரம்மாவே வெளிய வந்து “குருவையா, உள்ள வாங்க”ன்னு கூப்பிட்டாங்க. மைக்ராஸ்கோப்புல கண்ணை வைக்கச் சொன்னாங்க. நான் பாக்காத உயிரணுவா? ஜெர்சி, சிந்து, காங்கேயம், எத்தனை லட்சம் பாத்திருப்பேன். ஆனா அன்னைக்குப் பாத்தேன் பாருங்க. தட்டுத்தடுமாறி ஒன்னு போகுது. அது என்னுது. ஸ்டூலைப் புடிச்சுக்கிட்டேன்.

எல்லாம் சேத்து ஏழு ஆப்புட்டுச்சு. மூணு குச்சியில உறைய வச்சாங்க. சுப்புத்தாய்க்கு ஊசி போட்டு முட்டை எடுக்கிற அன்னைக்கு இதை எளக்கி, ஒரு முட்டைக்கு ஒன்னுன்னு குத்திவிட்டா போதும்னாங்க. அன்னைக்கு ராத்திரி அவ சாப்பாடு போட்டுக்கிட்டே, “மூணு குச்சியா?”ன்னு நாலு தடவை கேட்டா. நாலு தடவையும் ஆமான்னேன். இத்தனை வருசத்துல அவ அப்படிச் சிரிச்சு நான் பாத்ததில்லை.

நம்ம நேரம், அந்த டாக்டரம்மா மகன் வெளிநாட்டுல இருக்கான், அவனோட போயிர்றேன்னு ஆஸ்பத்திரிய மூடுறாங்க. மதுரையில பெரிய ஆஸ்பத்திரிக்குச் சீட்டு எழுதிக் குடுத்தாங்க. குச்சிய அவுங்களே பாதுகாப்பா அனுப்பி வைக்கிறோம்னாங்க. நான் விடலை. “அம்மா, இருபது வருசமா இதே வேலை பாக்குறேன், எனக்கா கொண்டு போகத் தெரியாது?”ன்னேன். அவுங்க தயங்கினாங்க. நான் கையெழுத்துப் போட்டு என் கேனுல வாங்கிட்டு வந்துட்டேன். அவுங்க மேல ஒரு தப்பும் சொல்ல மாட்டேன். மதுரையில தேதி குடுத்தது நாப்பத்திரெண்டு நாள் கழிச்சு.

வீட்டுல பெரிய கேனு ஒன்னு இருக்கு, முப்பத்தஞ்சு லிட்டரு, ஸ்டாக்கு வைக்கிறது. அதுல ஒரு தனிக் குவளையில வச்சேன். ரெண்டு நாளு வச்சேன். எனக்கு இருப்புக் கொள்ளலை தம்பி. வத்திராயிருப்புல ஒரு மாட்டுப் பக்கம் நின்னுக்கிட்டு, வீட்டுல கேனை யாரும் தட்டி விட்டுருப்பாங்களோ, பக்கத்து வீட்டுப் புள்ளைக மூடியத் தொறந்து புகை பாத்து வெளையாடுமோன்னு மனசு அடிச்சுக்கிருது. மூணாவது நாளு மூணு குச்சியையும் எடுத்து, வண்டியில கொண்டு போற சின்னக் கேனுல போட்டுக்கிட்டேன். அதுல குவளை ஒன்னே ஒன்னுதான். மாட்டுக் குச்சியெல்லாம் கெடக்கும்ல, அதுக்கு நடுவுல, செவப்பு நூலு கட்டி.

சுப்புத்தாய் வாசல்ல வந்து நின்னா. “ஏங்க, அதை வீட்டுலயே வச்சுட்டுப் போங்களேன். நான் பாத்துக்கிறேன், கிட்டயே உக்காந்திருக்கேன்”னா. “உனக்கு இதுல என்ன தெரியும்? எந்நேரமும் என் கண்ணு முன்னால இருக்கட்டும்”னுட்டுக் கெளம்பிட்டேன்.

அந்த நாப்பது நாளு இருக்கே தம்பி. நான் தனியாப் போன மாதிரியே இல்லை. கேனைப் பெட்ரோல் டேங்கு மேல வச்சு, வேட்டி சுத்திக் கட்டி, மேடு பள்ளம் பாத்து மெதுவா ஓட்டுவேன். வெயில் காலம், சித்திரை. மர நெழல்ல நிறுத்துறப்பெல்லாம் உள்ள பாத்துக்கிருவேன். மாட்டுக்குக் குச்சி எடுக்கிறப்ப அந்தச் செவப்பு நூலு தெரியும். “இருங்கடா, வந்துட்டேன்”னு சொல்லிட்டு எறக்கிருவேன். பைத்தியம்னு நெனைப்பீங்க. அந்த மாசம் எல்லா மாடும் பருவத்துக்கு வந்து கத்துது. ஒரு நாளைக்கு எட்டு, பத்து, பன்னெண்டுன்னு ஊசி. எல்லா ஊருக்கும் அந்த ஏழு பேரையும் கூட்டிட்டுப் போனேன். மலையடிவாரத்துல அணைக்கட்டு வரைக்கும் காட்டிட்டு வந்தேன்.

மதுரைக்குப் போனோம். அவளுக்கு வயித்துல பத்து நாளு ஊசி போட்டு, வயிறு பானை மாதிரி வீங்கிக் கெடக்கு, நடக்க முடியலை. ஆனா மொகத்துல ஒரு தெளிச்சி. காலையில மயக்கம் குடுத்து முட்டை எடுத்தாங்க. பதினோரு முட்டை. அந்த வயசுக்குப் பதினொன்னு பெரிய விசயம்னு மதுரை டாக்டரம்மாவே சொன்னாங்க.

அப்பறம் என் குச்சிய எளக்கினாங்க.

மொதக் குச்சி பாத்தாங்க. ரெண்டாவது பாத்தாங்க. மூணாவதும் பாத்தாங்க. உசுரு இருக்கான்னு சாயம் போட்டுப் பாத்தாங்க. ஏழும் செத்துக் கெடக்கு. நான் சொன்னேனே ஒரு வார்த்தை, நெக்ரோ. அந்தப் பேப்பருல அதான் எழுதிக் குடுத்தாங்க.

லேபுல இருந்தது ஒரு சின்ன வயசு ஆளு, மிஞ்சிப் போனா முப்பது இருக்கும். தண்ணிச் சூடு சரியாப் பாத்திருக்க மாட்டான், எனக்குத் தெரியும். இன்னைக்கு வரைக்கும் அதான் சொல்றேன். அவன் திருப்பி என்னைக் கேக்குறான், “இதை எதுல வச்சிருந்தீங்க? நடுவுல கேனைத் தொறந்தீங்களா? குவளை மேல வந்துச்சா?”ன்னு. “வீட்டுல தனிக் கேனுல வச்சிருந்தேன். ஒரு தடவைகூடத் தொறக்கலை”ன்னேன்.

சுப்புத்தாய் அந்தப் பக்கம் ஸ்ட்ரெச்சர்ல படுத்திருந்தா. மயக்கம் தெளிஞ்சிருச்சு, காதுல விழுந்திருக்கும். என்னைப் பாத்தா. பாத்துட்டு மேல ஃபேனைப் பாத்துக்கிட்டா. அந்த விசயத்துல அவளைக் குறை சொல்ல முடியாது, அடுத்தவன் முன்னால என்னை விட்டுக் குடுக்க மாட்டா.

புதுசா ஒரு சாம்பிள் குடுங்கன்னாங்க. குடுத்தேன். மூணு மணி நேரம் தேடினாங்க. இல்லை. அன்னைக்குன்னு பாத்து ஒளிஞ்சுக்கிருச்சு. அப்பறம் டாக்டரம்மா வந்து என் பக்கத்துல உக்காந்தாங்க. “முட்டை நல்லா இருக்கு, குருவையா. ஆனா முட்டைய உறைய வைக்கிற வசதி இப்ப இங்க இல்லை. பொழுது சாயிறதுக்குள்ள ஏதாவது பண்ணணும். விந்து பேங்குல இருந்து வேற ஒருத்தரோடதை வாங்கி வச்சிரலாம். உங்க நெறம், உங்க ரத்த வகை பாத்தே எடுக்கலாம். யாருன்னு உங்களுக்கும் தெரியாது, அவருக்கும் தெரியாது. ஒரு கையெழுத்துதான்”னாங்க.

நான் முடியாதுன்னேன்.

சுப்புத்தாய் கூப்பிட்டா. கிட்டப் போனேன். கையப் புடிச்சுக்கிட்டா, சில்லுனு இருக்கு கை. “ஏங்க, எத்தனை வீட்டு மாட்டுக்கு ஊசி போட்டிருப்பீங்க. எந்தக் காளையோடதுன்னு எந்த வீட்டுலயாச்சும் கேட்டிருக்காங்களா? கன்னு விழுந்ததும் எங்க கன்னு எங்க கன்னுன்னுதான கொண்டாடுறாங்க. கையெழுத்துப் போடுங்க”ன்னா.

“மயக்கத்துல ஒளறாத, படு”ன்னு சொன்னேன்.

வேற என்ன சொல்லச் சொல்றீங்க? நாளைக்கு அந்தப் புள்ளை வளந்து நடந்து வந்தா, எவனோ ஒருத்தன் மூஞ்சிதான முன்னால வந்து நிக்கும்? என்னை அப்பான்னு கூப்பிடுறப்பெல்லாம் எனக்குப் பொய்யாத்தான தெரியும்? அதுலயும் எனக்கு இல்லைன்னு சொல்லியிருந்தா பரவாயில்லை. இருக்கு தம்பி. ஒளிஞ்சிருக்கு. இருக்கிறப்ப எதுக்கு இன்னொருத்தனோடது? “மூணு மாசம் கழிச்சு வர்றோம், அப்ப என்னுது ஆப்புடும்”னு டாக்டரம்மாகிட்டச் சொல்லிட்டேன். அவுங்க ஃபைலை மூடிட்டு எந்திரிச்சுப் போயிட்டாங்க.

திரும்பி வர்றப்ப இதே பஸ்சு, இதே ரோடுதான். அழகாபுரி தாண்டுற வரைக்கும் கண்ணை மூடிக்கிட்டே வந்தா. தூங்குறான்னு நெனைச்சேன். திடீர்னு “பதினொன்னு”ன்னா. என்ன பதினொன்னுன்னு கேட்டேன். ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டா.

வீட்டுக்கு வந்து நாலாம் நாளு, அந்தப் பெரிய கேனை வீட்டுக்குள்ள வைக்கக் கூடாதுன்னுட்டா. தொழுவத்துல கொண்டு போய் வச்சேன். நான் அந்த லேபுக்காரனைப் பத்தி எப்ப ஆரம்பிச்சாலும், “தண்ணிச் சூடு பாக்கத் தெரியாத பய, கெடுத்துட்டான்”னு சொன்னாலும், “ஆமாங்க”ன்னுவா. ஏழு வருசமா அதே ஆமாங்கதான். ஒரு நாளும் எதுத்து ஒரு வார்த்தை கெடையாது. இந்தக் காலத்துல அப்படி ஒரு பொம்பளை கெடைக்குமா?

நான் விடலை தம்பி. உயிரணு ஒரு சுத்து ஊறி வர எழுபத்திநாலு நாளு. அதைக் கணக்கு வச்சு, மூணு மாசத்துக்கு ஒருக்கா மதுரைக்கு வந்துருவேன். சிகரெட்டை விட்டேன். வண்டி ஓட்டுற சூடு ஆகாதுன்னு சீட்டுக்கு மேல தேங்காய்நார் மெத்தை போட்டேன். தெனமும் காலையில பச்சைத் தண்ணியில குளியல். மொத ரெண்டு வருசம் அவளும் கூட வந்தா. அப்பறம், “நீங்க போயிட்டு வாங்க, எனக்கு முட்டி வலிக்குது”ன்னா. சரின்னு நான் மட்டும் வர ஆரம்பிச்சேன். சாயங்காலம் போனதும், “இன்னைக்கும் ஆப்புடலை”ன்னு சொல்லுவேன். “சரி, சாப்புட வாங்க”ன்னுவா. இப்படியே இருபது தடவைக்கு மேல வந்துட்டேன்.

இன்னைக்கும் அதுக்குத்தான் வந்தேன்.

இன்னைக்கு ஆப்புட்டுருச்சு தம்பி.

நெசமாத்தான். அஞ்சு. அஞ்சும் உசுரோட. அதுல ரெண்டு நல்லா நேராப் போகுதுன்னு லேபுல இருக்கிற பொண்ணு கைதட்டிட்டு வந்து சொல்லுச்சு. அங்கயே உறைய வச்சாச்சு. நான் என் கேனைப் பத்திப் பேச்சே எடுக்கலை, அவுங்ககிட்டயே இருக்கட்டும்னுட்டேன். அம்பத்தோரு வயசுல எனக்கு ஆப்புட்டுருக்கு, உங்களுக்கு என்ன, முப்பதுகூட ஆகியிருக்காது. அதான் உங்க ஃபைலுல அந்த வார்த்தையப் பாத்ததும் சும்மா இருக்க முடியலை.

கேக்கணும்னு நெனைக்கிறீங்க, கேக்காம இருக்கீங்க. இவ்வளவு நல்ல சேதிய வச்சுக்கிட்டு ஏன்யா மூஞ்சி இப்படி இருக்குன்னு. இல்லையா?

பஸ் ஸ்டாண்டுல வச்சு வீட்டுக்கு ஃபோன் போட்டேன். இந்த பஸ்சு எடுக்கிறதுக்குக் கால் மணி நேரம் முன்னாடி. “சுப்பு, அஞ்சு இருக்கு! அஞ்சும் உசுரோட! அடுத்த வாரமே உன்னை வரச் சொல்றாங்க, ஊசி ஆரம்பிச்சிரலாம்”னு கத்துறேன், சுத்தி நிக்கிறவனெல்லாம் திரும்பிப் பாக்குறான். லைனு கட்டாயிருச்சோன்னு “அலோ அலோ”ங்குறேன்.

“எனக்கு நின்னு ஒன்றரை வருசமாச்சுங்க”ன்னா.

எனக்கு முதல்ல புரியலை. என்ன நின்னுச்சுன்னு கேட்டேன். கேட்டுட்டேன் தம்பி, அவகிட்டயே கேட்டுட்டேன். அவ மெதுவா, “மாசா மாசம் வர்றது. போன வருசம் தைக்கு முந்தியே நின்னுருச்சு. நான் தனியாப் போய் டாக்டரைப் பாத்தேன். இனி முட்டை கெடையாதுன்னுட்டாங்க. ஒரே வீட்டுலதான இருக்கோம், உங்களுக்குத் தெரியும்னு நெனைச்சேன்”னா.

ஒரு மாடு வாலை எப்படித் தூக்குதுன்னு ரோட்டுல இருந்து பாத்தே, எத்தனை மணிக்குப் பருவத்துக்கு வந்துச்சுன்னு சொல்லிருவேன். எனக்கு இது தெரியலை. ஒன்றரை வருசம். பதினெட்டு மாசம். அவளாச்சும் சொல்லியிருக்கலாம்ல? வாயத் தொறந்து சொன்னாத்தான தெரியும்? அதுக்கப்பறமும் நான் ஆறு தடவை மதுரைக்கு வந்திருக்கேன், ஆறு தடவையும் சோறு கட்டிக் குடுத்து அனுப்பியிருக்காளே.

ஆனாலும் ஆம்பளை நான் சோந்துரக் கூடாதுல்ல. அந்த நிமிசமே யோசிச்சுட்டேன். “சுப்பு, அழுகாத. அதுக்கும் வழி இருக்கு. வேற ஒரு பொம்பளைகிட்ட இருந்து முட்டை வாங்கிக்கிரலாம். இதே ஆஸ்பத்திரியில அதுவும் பண்றாங்க, போர்டே வச்சிருக்கான். உன் வயித்துல வச்சு நீதான சொமக்கப் போற? உன் ரத்தந்தான ஓடப் போகுது? பெத்தெடுத்தா உன் புள்ளைதான”ன்னு சொன்னேன். ஆறுதலாத்தான் சொன்னேன் தம்பி. மனசாரச் சொன்னேன்.

அவ அழுகலை. நான்தான் அழுகுறான்னு நெனைச்சுக்கிட்டிருந்திருக்கேன்.

“அன்னைக்கு என் பதினொன்னும் உசுரோட இருந்துச்சு. வேற ஆம்பளையோடது வேண்டாம்னு குப்பையில போடச் சொன்னீங்க. இன்னைக்கு வேற பொம்பளையோடதுன்னா பரவாயில்லையா?”ன்னு கேட்டா. சத்தமே போடலை. கடையில வெலை கேக்குற மாதிரிதான் கேட்டா. கேட்டுட்டு வச்சுட்டா.

அதுக்கப்பறம் நாலு தடவை அடிச்சேன். திருமங்கலத்துல ஒருக்கா அடிச்சேன். எடுக்கலை.

அவ கேட்டது எனக்கு வெளங்கவே இல்லை தம்பி. ஆம்பளை வித்து வேற, பொம்பளை முட்டை வேற இல்லையா? நீங்க படிச்ச புள்ளை, நாயமாச் சொல்லுங்க. ரெண்டும் ஒன்னா?

ஏன் தம்பி எந்திரிக்கிறீங்க? கிருஷ்ணன்கோவில் இன்னும் வரலையே. உக்காருங்க. ஒன்னும் சொல்லாமப் போனா எப்படி? ரெண்டும் ஒன்னான்னு மட்டும் சொல்லிட்டுப் போங்க.